வீணை எஸ். பாலசந்தர்: திரையிலிருந்து வீணை மேடைக்கு

சென்னையில் 1927 ஜனவரி 18 அன்று பிறந்த எஸ். பாலசந்தர் திரையில் முதலில் தோன்றியதே இசைக்கலைஞராகத்தான். பிரபாத் நிறுவனம் 1934இல் தமிழில் தயாரித்த ‘சீதா கல்யாணம்’ படத்தில் தந்தை சுந்தரம் ஐயர் ஜனகராகவும், அண்ணன் எஸ். ராஜம் ராமராகவும், அக்காள் ஜெயலட்சுமி சீதையாகவும் நடித்தனர். உடன்பிறந்தவர்களே கணவன் மனைவியாக நடித்தது அன்று சலசலப்பை உண்டாக்கியது. சிறுவன் பாலசந்தர் இராவணன் சபையில் கஞ்சிரா வாசிப்பவனாக வந்தான். பாபநாசம் சிவன் திரைப்படத்துக்கு முதன்முதலாகப் பாட்டமைத்ததும் இப்படத்துக்கே.

கஞ்சிரா, தபலா, ஆர்மோனியம், சிதார் என்று கைக்குக் கிடைத்த கருவியையெல்லாம் அவர் பழகினார். பதின்பருவத்திலேயே சென்னை வானொலி நிலையத்தில் கலைஞரானார். பின்னர் வீணையைக் கையிலெடுத்தபோது குரு என்று எவரிடமும் அமரவில்லை. ஒரே மெட்டின் மேல் தந்தியைப் பக்கவாட்டில் இழுத்து, ஒரு மீட்டின் கார்வை அடங்குவதற்குள் அடுத்தடுத்துப் பல சுரங்களை எழுப்புவது அவருடைய தனி வழி. வாய்ப்பாட்டின் கமகத்தைத் தந்தியில் கொண்டுவர அவர் கண்ட வழி அது. சிதார்ப் பழக்கமும் இதற்குத் துணை நின்றிருக்க வேண்டும்.

1948இல் ‘இது நிஜமா’வில் இரட்டை வேடத்தில் நடித்து இசையும் அமைத்தார். அதே ஆண்டில் ‘என் கணவர்’, 1951இல் ‘கைதி’ ஆகியவற்றில் நடிப்பு, இசை, இயக்கம் மூன்றையும் ஏற்றார்.

அவருடைய திரைவாழ்வின் உச்சம் ஏவி.எம். தயாரிப்பில் 1954 ஏப்ரல் 13 அன்று வெளிவந்த ‘அந்த நாள்’. சென்னையில் ஜப்பானியர் குண்டு வீசிய 1943இல் கதை நடக்கிறது. சிவாஜி கணேசன் ஏற்ற வானொலிப் பொறியாளர் சுட்டுக் கொல்லப்படுகிறார். கொன்றவர் யார் என்பதை ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாகச் சொல்கிறார்கள். குரோசாவாவின் ‘ராஷோமான்’ தந்த தூண்டுதல் வெளிப்படை. ஆனால் படத்தில் ஒரு பாட்டுகூட இல்லை. பாட்டுக்காகவே படம் ஓடிய காலத்தில் அதை நீக்கியவர் இசையறியாத இயக்குநர் அல்லர், இசையிலேயே வளர்ந்தவர். எந்த இடத்தில் பாட்டு கதையின் வேகத்தைக் கெடுக்கும் என்பதை அவர் அறிந்திருந்தார். முதல் வெளியீட்டில் வசூல் இல்லை. தேசிய விருதின் தகுதிச் சான்றிதழ் கிடைத்தது.

‘அவனா இவன்’ (1962), ‘பொம்மை’ (1964), ‘நடு இரவில்’ (1970) ஆகியவையும் மர்மக் கதைகளே. ‘பொம்மை’யில் பாடகர் ஜேசுதாஸ் பாடியது, தமிழில் அவர் பாடிய தொடக்ககாலப் பாடல்களுள் ஒன்று.

அதன்பின் வீணையே பாலசந்தரின் முழுநேரப் பணியாயிற்று. வெளிநாட்டு மேடைகளுக்குச் சென்றார். 72 மேளகர்த்தா இராகங்களையும் வீணையில் ஒலிப்பதிவு செய்தார். 1982இல் பத்மபூஷண் பெற்றார். திருவிதாங்கூர் மன்னர் சுவாதித் திருநாள் பெயரிலுள்ள உருப்படிகள் உண்மையில் அம்மன்னருடையவைதாமா என்று 1980களில் பாலசந்தர் எழுப்பிய கேள்வி இசையுலகில் கடும் சர்ச்சையாயிற்று.

1990 ஏப்ரல் 13 அன்று பிலாய் நகரில் காலமானார். அவருடைய வீணைப் பாணி பற்றிப் பேசப்பட்ட அளவுக்கு அவருடைய படங்களின் பின்னணி இசை பற்றிப் பேசப்படவில்லை. அது தனி ஆய்வுக்கு உரியது.