தோல்வியின் பின் எழுந்த நடிகர்
போரிற் பணிந்த ஒரு நாட்டின் உள்ளத்தை அறிய விழைவோர் அதன் கலைஞர்தம் வாழ்வையும் நோக்குதல் வேண்டும். யப்பானிய நடிகர் தொசிரோ மிபுனே இதற்குத் தக்க சான்றாவர்.

1920இற் சீனத்துச் சிங்டாவோ நகரிற் பிறந்து, போர்க்காலத்தில் இராணுவ விமானப் பிரிவிற் பணியாற்றிய இவர், 1946இற் படப்பிடிப்பாளர் உதவியாள் வேலை நாடித் தோஹோ நிறுவனத்தை அடைந்தார். வாய்த்ததோ நடிகர் தேர்வு! 1948இல் அகிரா குரோசாவா நெறிப்படுத்திய 'குடிகாரத் தேவதை'யில் காசநோயுற்ற கள்ளச்சந்தை இளைஞனாக நடித்தார். தோற்ற தலைமுறையின் சினமும் ஏக்கமும் அவ்வுருவிற் புலனாயின.

1951இல் அவர் நடித்த 'றஷோமன்' வெனிசு விழாவில் தங்கச் சிங்க விருதைப் பெற்றது. நாடு அப்பொழுதும் அந்நியப் படையாட்சியின் கீழேயே இருந்தது. அது நீங்கியது 1952இல். ஆட்சியுரிமை மீளுமுன்னரே கலை மதிப்பை மீட்டுத் தந்தது. மிபுனே 1961இலும் 1965இலும் அதே விழாவிற் சிறந்த நடிகராகத் தெரியப்பட்டு, 1997இல் மறைந்தார்.