பி. கிருஷ்ணமூர்த்தி

பி. கிருஷ்ணமூர்த்தி (1943–2020) திரைப்படக் கலை இயக்குநர், ஆடை வடிவமைப்பாளர். கன்னடம், சமஸ்கிருதம், மலையாளம், தமிழ் ஆகிய மொழிப் படங்களில் பணியாற்றி ஐந்து தேசிய விருதுகளைப் பெற்றார். செட்டையும் உடையையும் ஒரே கையில் வைத்துக்கொண்டு, கடந்துபோன ஒரு காலத்தைத் திரையில் முழுமையாக எழுப்பிக் காட்டியது இவரது தனிச்சிறப்பு.

இளமையும் தொடக்கமும்

பூம்புகாரில் பிறந்தவர். சென்னை ஓவியக் கல்லூரியில் பயின்றார். கன்னட இயக்குநர் ஜி. வி. ஐயரின் ‘ஹம்சகீதெ’ (1975) இவருக்கு முதல் படம். ஐயருடனான உறவு நெடுங்காலம் நீடித்தது. இந்தியாவின் முதல் சமஸ்கிருதத் திரைப்படமான ‘ஆதி சங்கராச்சார்யா’ (1983), கன்னடத்தில் ‘மத்வாச்சார்யா’ (1986) ஆகியவற்றிலும் இவரே கலை இயக்குநர். துறவிகளின் கதையில் பட்டுக்கும் பொன்னுக்கும் இடமில்லை. மடமும் குடிலும் காவியுமே காலத்தைச் சொல்லியாக வேண்டும். அதைச் சாதித்த ‘மத்வாச்சார்யா’ முதல் தேசிய விருதைத் தேடித் தந்தது.

மலையாளத் திரையில்

லெனின் ராஜேந்திரனின் ‘சுவாதித் திருநாள்’ (1987), பரதனின் ‘வைசாலி’ (1988) ஆகியவற்றில் பணியாற்றினார். அவற்றைத் தொடர்ந்து, எம். டி. வாசுதேவன் நாயர் எழுதி ஹரிஹரன் இயக்கிய ‘ஒரு வடக்கன் வீரகாதா’ (1989) வெளிவந்தது. வடகேரளக் கதைப்பாடல்களான வடக்கன் பாட்டுகளில் துரோகியாக வரும் சந்துவை நிரபராதியாகக் காட்டும் கதை அது. களத்தில் சந்துவின் உறவினன் ஆரோமலின் சுரிகை (குறுவாள்) முறிகிறது; இரும்பாணி இருக்க வேண்டிய இடத்தில் மர ஆணி வைத்தது யார் என்பதில்தான் சந்துவின் மானமே தொங்குகிறது. கைக்கு அடக்கமான ஓர் ஆயுதம் கதையைத் தாங்கும் இத்தகைய படத்தில், பொருள் பொய்யாகத் தெரிந்தால் கதையும் பொய்யாகிவிடும். களரி, வீடு, வாள், கச்சை எல்லாம் ஒரே உலகைச் சேர்ந்தவையாக நின்றன. கலை இயக்கம், ஆடை வடிவமைப்பு இரண்டுக்கும் கிருஷ்ணமூர்த்தியே தேசிய விருது பெற்றார். தொன்மக் கதையின் தச்சனைப் பற்றிய ‘பெருந்தச்சன்’ படமும் இவரது கைவண்ணமே.

தமிழ்த் திரையில்

ஞான ராஜசேகரன் இயக்கிய ‘பாரதி’ (2000) கலை இயக்கத்துக்கும் ஆடைக்கும் மீண்டும் இரட்டைத் தேசிய விருதுகளைப் பெற்றுத் தந்தது. தலைப்பாகையும் கோட்டுமாகத் தமிழர் ஒவ்வொருவர் மனத்திலும் பதிந்துவிட்ட கவிஞர் பாரதியின் உருவத்தை, வறுமையில் வாழ்ந்த மனிதராகத் திரையில் நடமாட விடுவது எளிய வேலையன்று. வடிவேலு நாயகனாக நடித்த ‘இம்சை அரசன் 23ஆம் புலிகேசி’ (2006) இவரது கலையின் மற்றொரு முகம். அரசவை மெய்யாகத் தோன்றினால்தான் அரசனின் கோமாளித்தனம் எடுபடும் என்பதை அந்தப் படம் காட்டியது. பாலாவின் ‘நான் கடவுள்’ (2009) காசிக்கும் பிச்சைக்காரர்களின் உலகத்துக்கும் இவரை அழைத்துச் சென்றது. ‘ராமானுஜன்’ (2014) இவரது பிற்காலப் படங்களுள் ஒன்று.

மதிப்பீடு

பெரும்பாலான படங்களில் செட் ஒருவர் பொறுப்பு, உடை மற்றொருவர் பொறுப்பு. கிருஷ்ணமூர்த்தி இரண்டையும் ஏற்றதால் சுவரின் நிறமும் துணியின் நிறமும் ஒன்றோடொன்று பேசின. பிரம்மாண்டத்தைக் கொண்டு கலை இயக்கத்தை அளக்கும் வழக்கம் பெருகிவிட்ட நாளில், காலத்துக்கு உண்மையாக இருப்பதே அளவுகோல் என்பதற்கு இவரது படங்கள் சான்று. கலை இயக்கம் கற்க வரும் இளைஞர்கள் ‘வீரகாதா’வையும் ‘பாரதி’யையும் அடுத்தடுத்துப் பார்ப்பது நல்ல தொடக்கமாக அமையும்.

கிருஷ்ணமூர்த்தி 2020 டிசம்பர் 13 அன்று சென்னையில் காலமானார்.