மனம் பேசுவதைப் படம் பிடித்தல்

நனவோடை உத்தியில் எழுதிய கதையைச் சினிமாவாக எடுக்க முடியுமா என்ற கேள்வி பழையது. 'யுலிஸிஸ்' எழுதிய ஜேம்ஸ் ஜாய்ஸே 1909-ல் டப்ளினில் 'வோல்டா' என்றொரு சினிமாக் கொட்டகையைத் திறந்து பார்த்தவர்தான். (வியாபாரம் கைகொடுக்கவில்லை என்பது வேறு விஷயம்.) 1929-ல் பாரிஸில் அவரைச் சந்தித்த ரஷ்ய டைரக்டர் ஐஸன்ஸ்டீன், மறு வருஷம் ஹாலிவுட்டில் டிரைஸரின் நாவலொன்றுக்கு, கதாநாயகனின் மனக்குரலையே ஆதாரமாக வைத்துத் திரைக்கதை எழுதினார். பாரமவுண்ட் கம்பெனி அதை ஏற்கவில்லை. 1967-ல் ஜோஸப் ஸ்ட்ரிக் 'யுலிஸிஸ்' படத்தின் முடிவில் மாலியின் மனப்பேச்சைப் பின்னணிக் குரலாகவே ஓடவிட்டார். சுலபமான வழி!

தமிழில் இந்தச் சங்கடத்தில் துணிந்து இறங்கியவர் ஜெயகாந்தன். அவர் 1966-ல் எழுதிய 'அக்கினிப் பிரவேசம்' கதையில், மழை நாளில் முன்பின் அறியாதவன் காரில் ஏறி ஏமாந்து வந்த மகளின் தலையில் தாய் தண்ணீரை ஊற்றி, நீ சுத்தமாகிவிட்டாய் என்கிறாள். அதற்கு எழுந்த கூச்சல் கொஞ்சமல்ல. அந்தத் தாய் அப்படிச் செய்யாமல் ஊரைக் கூட்டியிருந்தால்? அதுதான் 'சில நேரங்களில் சில மனிதர்கள்'. அதிலே கங்கா தானே பேசுகிறாள். வாய் ஒரு வார்த்தை சொல்வதற்குள் மனம் ஒரு பக்கம் பேசிவிடுகிறது.

1977-ல் பீம்சிங் டைரக்ஷனில் அது படமாயிற்று. திரைக்கதையும் ஜெயகாந்தனே. அந்த ஒரு பக்கம் எங்கே போயிற்று? லட்சுமியின் முகத்துக்குப் போயிற்று என்பது என் அபிப்பிராயம். அவருக்குத் தேசிய விருது கிடைத்ததில் எனக்கு வியப்பே இல்லை.

தண்டையார்பேட்டையில் ஒரு கொட்டகையில் அதைப் பார்த்தேன். சுற்றிலும் துறைமுகத் தொழிலாளிகள். கங்கா மௌனமாக நின்ற ஓரிடத்தில் ஒருவன் சீட்டியடித்தான். பின்வரிசைப் பெரியவர், "சும்மா இரு நைனா, அந்தப் பொண்ணு இன்னாவோ யோசிக்குது" என்று அதட்டினார். நாவலை அவர் படித்திருக்க மாட்டார் என்றே நினைக்கிறேன்.

இப்போது என் நாவலையே படமாக்க ஓர் இளைஞர் வந்திருக்கிறார். திருவொற்றியூர் சாலையில், துறைமுகத்துக்குள் போக இரவெல்லாம் வரிசையில் நிற்கும் கன்டெய்னர் லாரி. டிரைவரின் மனம் மட்டும் நாற்பது பக்கம் ஓடுகிறது. பின்னணிக் குரல் வைத்துவிடலாம், ஸார், என்கிறார். வேண்டாம் என்றேன். முன் லாரியின் சிவப்பு விளக்கு, எஞ்சின் அணைந்து மறுபடி உறுமுவது, எண்ணூர்ப் பக்கமிருந்து வரும் காற்றுக்கு அவன் மூக்கைச் சுளிப்பது, இவை போதும்.

"அப்போ நாற்பது பக்கமும் போகட்டுமா, ஸார்?" என்று கேட்டார். போகட்டும் என்று சொல்ல எனக்கு இரண்டு நாள் ஆயிற்று.