போலீசை விசாரிப்பது யார்?

சென்ற மாதம் நம் வாட்ச்மேன் ஒருவர், விசாரணைக்கென்று அழைத்துப் போன இடத்தில் அறை வாங்கித் திரும்பினார். பெயர் வேண்டாம். "புகார் கொடுங்க தம்பி" என்றேன். "அதை யாரு சார் விசாரிப்பா? அவங்கதானே?" என்றார்.

இந்தக் கேள்விக்கு 170 வயது. அன்று சென்னை ராஜதானியில் தனிப் போலீஸ் இலாகா கிடையாது. கிஸ்தி வசூலிக்கும் தாசில்தாரே போலீசுக்கும் தலைவர். கட்டாத குடியானவனின் விரல்களைக் 'கிட்டி' என்ற மரக்கருவியில் வைத்து நெரிப்பார்கள். தலையைக் குனியவைத்துக் கால் பெருவிரலோடு கயிற்றால் பிணைத்து வெயிலில் நிறுத்துவார்கள். கலெக்டருக்கு மனுப் போட்டால், விசாரிக்கச் சொல்லி அது பெரும்பாலும் அதே தாசில்தாரிடம் வந்து சேரும். நான் வேலை பார்த்த வங்கியில் கவுண்டரில் பணம் குறைந்தால், அந்தக் கேஷியரையே விசாரணை அதிகாரியாகப் போட மாட்டார்கள்!

விஷயம் 1854-ல் லண்டன் பார்லிமெண்டில் வெடித்தது. எலியட், ஸ்டோக்ஸ், சென்னை வக்கீல் ஜான் புரூஸ் நார்ட்டன் ஆகிய மூவர் கமிஷன் அமைந்தது. சித்திரவதை நடப்பது உண்மையே என்று 1855-ல் அறிக்கை தந்தார்கள். கார்ல் மார்க்ஸ்கூட 1857-ல் அமெரிக்கப் பத்திரிகை ஒன்றில் இதைப் பற்றி எழுதினார். வருவாயிலிருந்து போலீசைப் பிரித்து 1859-ல் சட்டம் வந்தது. போலீசிடம் கொடுத்த வாக்குமூலம் குற்றத்தை நிரூபிக்கச் செல்லாது என்பதும் 1861-லிருந்து இருக்கும் விதி.

தாசில்தார் போனார், கேள்வி போகவில்லை. இலாகா தன் ஆட்களைத் தானே விசாரிக்கிறது. குற்றச்சாட்டு மெமோ, சஸ்பென்ஷன் எல்லாம் உண்டு. 'ஆயுதப்படைக்கு மாற்றம்' என்று செய்தியில் படிக்கிறோமே, அது தண்டனை அல்ல, இடமாறுதல்தான். புகார் ஆணையங்களுக்கு ஓய்வுபெற்ற நீதிபதிகள் தலைமை வகிக்க வேண்டும் என்று 2006-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. நம் மாநிலத்தின் 2013 சட்டமோ மாநில அளவில் உள்துறைச் செயலரையும் மாவட்ட அளவில் கலெக்டரையும் அந்த இடத்தில் உட்கார வைத்தது.

2020 ஜூனில் சாத்தான்குளம். ஜெயராஜ், பென்னிக்ஸ் இருவரின் மரணத்தை விசாரிக்கப் போன மாஜிஸ்திரேட்டுக்கே ஸ்டேஷனில் ஒத்துழைப்பு இல்லை. சிசிடிவி பதிவுகள் அழிந்திருந்தன. தடயங்களைக் காப்பாற்ற, ஸ்டேஷனை வருவாய்த் துறை வசம் ஒப்படைக்க உயர் நீதிமன்ற மதுரைக் கிளை உத்தரவிட்டது. 1859-ல் எந்த இலாகாவிடமிருந்து போலீசைப் பிடுங்கினார்களோ, அதே இலாகா காவலுக்கு வந்தது! விடிய விடிய அடித்ததாகச் சாட்சி சொன்னவர் அதே ஸ்டேஷனின் பெண் தலைமைக் காவலர். வழக்கு பிறகு சிபிஐ-க்குப் போனது.

போலீசுக்கு வெளியே இரண்டு வழிகள் உண்டு என்று வாட்ச்மேனிடம் சொன்னேன். மாநில மனித உரிமை ஆணையத்துக்கு ஒரு வருடத்துக்குள் மனு அனுப்பலாம். மாஜிஸ்திரேட் கோர்ட்டில் தனிப் புகாரும் போடலாம். மனுவை எழுதியும் வைத்துவிட்டேன். வீட்டம்மா வேண்டாம் என்கிறாராம். இன்னும் கையெழுத்துப் போடவில்லை.