பாட்டுக்கு நாயகன், படத்தில் வில்லன்



சுங்கை பட்டாணி, பீடோங், கூலிம், பாடாங் செராய்ப் பக்கத்துத் தோட்டங்களில் திருவிழா நாடகம் போட்ட காலம் நம்மில் பலருக்கு நினைவிருக்கும். கதாநாயகன் வேடத்துக்கு நான்கு பேர் போட்டியிடுவார்கள். வில்லன் வேடத்துக்கோ ஆள் தேடி லயம் லயமாக அலைய வேண்டும். ‘நாளைக்கு வெட்டுக்காட்டில் எல்லாரும் என்னைத் திட்டுவார்களே!’ என்று இளைஞர்கள் நழுவிவிடுவார்கள்.

அந்த வேடத்தையே விரும்பி ஏற்று, தமிழ்நாட்டுத் திரையில் பேர் பெற்ற மலேசியர் ஒருவர் உண்டு. அவர்தாம் மலேசியா வாசுதேவன். அவர் நம் கெடாக்காரர் அல்லர். 1944இல் சிலாங்கூர், அம்பாங்கில் பிறந்தவர். பாலக்காட்டிலிருந்து பிழைப்புத் தேடி வந்த மலையாளக் குடும்பம். தமிழர், மலையாளி, தெலுங்கர் என எல்லாரும் ஒரே லயத்தில் வாழ்ந்து தமிழிலேயே பேசிக்கொண்ட நமக்கு இதில் வியப்பில்லை.

இங்கே தமிழ் நாடகக் குழுவில் நடித்துப் பழகியவர், அறுபதுகளின் இறுதியில் நடிகனாகும் ஆசையோடு சென்னைக்குக் கப்பலேறினார். ‘இரத்தப் பேய்’ படத்தில் நடித்தும் வாய்ப்புகள் தொடரவில்லை. பிழைப்புக்குக் கை கொடுத்தது குரல்தான். இளையராஜா சகோதரர்களின் மேடைக் கச்சேரிகளில் பாடினார். 1977இல் ‘16 வயதினிலே’ வந்தது. சப்பாணியாக நடித்த கமலஹாசனுக்கு வாசுதேவனின் குரல். 1980இல் ‘முரட்டுக்காளை’யில் ரஜினிகாந்துக்கும் அவரே பாடினார்.

பாடகராகிவிட்டார், போதும் என்று இருந்திருக்கலாம். நடிக்க வந்தவருக்கு மனம் ஆறுமா? 1985இல் பாரதிராஜா ‘ஒரு கைதியின் டைரி’ எடுத்தார். தன்னைத் தெய்வமாக நம்பிய தொண்டனின் குடும்பத்தையே சீரழிக்கும் அரசியல்வாதி வேடம் வாசுதேவனுக்கு. எதிரே நிற்பவர் அதே கமலஹாசன்! தொண்டனிடம் அன்பாகப் பேசிக்கொண்டே கெடுதல் செய்கிற மனிதர் அவர். கத்திக் கூச்சலிடும் வில்லனைவிட இப்படிப்பட்டவனைக் கண்டால்தான் நமக்கு அதிகம் எரிச்சல் வருகிறது. அதே ஆண்டு, அதே பாரதிராஜாவின் ‘முதல் மரியாதை’யில், சிவாஜி கணேசன் ஏற்ற ஊர்ப் பெரியவரின் துயரத்தைப் பாடியதும் இவர் குரல்தான். ஒரே ஆண்டில் ஒரே மனிதர் ஒரு படத்தில் நம்மை அழவைத்தார், இன்னொரு படத்தில் பல்லைக் கடிக்க வைத்தார். 1987இல் ‘ஊர்க்காவலன்’ படத்தில் ரஜினிகாந்துக்கும் எதிரியானார்.

எண்பதுக்கு மேற்பட்ட படங்களில் அவர் நடித்தார். பாட்டைத்தான் நாம் பெரிதாகப் பேசுகிறோம். நடிப்பை அவ்வளவாகப் பேசுவதில்லை. இது சற்று அநியாயம் என்றே நமக்குத் தோன்றுகிறது. குணச்சித்திர நடிகருக்கு நேரும் வழக்கமான கதிதான் இது. வில்லன் கெட்டவனாக இருந்தால்தானே நாயகன் நல்லவனாகத் தெரிவான்? அந்த உழைப்புக்கான கைதட்டல் போய்ச் சேருவதென்னவோ நாயகனிடம்.

2011 பிப்ரவரி 20ஆம் நாள் சென்னையில் அவர் காலமானார். நாற்பதாண்டுகளுக்கு மேல் அங்கே வாழ்ந்தும், பிறந்த நாட்டின் பெயரை அவர் தம் பெயரிலிருந்து எடுத்துவிடவில்லை.