செவிகொடுக்கும் பணி: ஒரு வரலாற்றுக் குறிப்பு

சென்னைக் கடற்கரைக்கும் தாம்பரத்துக்கும் இடையே மின்சார இரயில் ஓடத் தொடங்கியது 1931ஆம் ஆண்டில். தாம்பரத்துக்குத் தெற்கே அன்று சிற்றூராயிருந்த ஊரப்பாக்கத்தில் இன்று அடுக்குமாடிக் குடியிருப்புகள் மலிந்துள்ளன. அருகே கிளாம்பாக்கத்தில் 2023 டிசம்பரில் பெரிய பேருந்து முனையமும் திறக்கப்பட்டது. மக்கள் நெருங்கி வாழ்கின்றனர். எனினும் எதிர்வீட்டாரின் பெயரை அறியாதோர் பலர். வீடு சந்திக்கச் செல்லும் ஆயரும் முதலில் காவலாளியின் பதிவேட்டில் கையொப்பமிட வேண்டும். இந்நிலையில் மேய்ப்புப் பணி எவ்வாறு நடைபெறும் என வினவுவோர், இலண்டன் குருவானவர் ஒருவரின் வரலாற்றை நோக்குதல் தகும்.

சாட் வரா 1935இல் லிங்கன் நகரில் உதவிக் குருவாயிருந்தார். அவர் நடத்திய முதல் அடக்க ஆராதனை, தற்கொலை செய்துகொண்ட ஒரு சிறுமிக்குரியது. பருவமடைந்ததன் அடையாளத்தைக் கொடிய நோயென எண்ணி அவள் அஞ்சினாள். கேட்டுத் தெளிவுபெற அவளுக்கு ஒருவரும் இல்லை. மக்கள் நடுவிலும் நேரும் தனிமைக்கு வேறு சான்று வேண்டுவதில்லை.

1953இல் அவர் இலண்டன் புனித ஸ்தேவான் வால்புரூக் ஆலயத்தின் குருவானார். அம்மாநகரில் நாளொன்றுக்கு மூவர் தற்கொலையால் மாள்வதை அறிந்திருந்த அவர், நவம்பர் 2ஆம் நாள் தொலைபேசிவழிப் பணியைத் தொடங்கினார். ஆலோசனை கூறுபவர் தாமே என்பது அவரது எண்ணம். காத்திருப்போர்க்குத் தேநீர் அளித்து உடனிருக்கவே தொண்டர்கள் வந்தனர். ஆனால் காத்திருந்தோருள் பலர் அவர்களிடமே மனந்திறந்து பேசி, குருவைக் காணாமலே ஆறுதலுடன் திரும்பினர்! 1954 பிப்ரவரியில் அவர் அப்பணியைத் தொண்டர்களிடமே ஒப்படைத்தார். ஒரு குருவானவர்க்கு இஃது எளிய செயலன்று. பிரசங்க பீடத்துக்குப் பழகிய நமக்குப் பேசுவதினும் பேசாதிருத்தல் கடினம். 'சமாரியர்' எனும் இயக்கம் இவ்வாறே வளர்ந்தது.

சென்னையில் மனநல மருத்துவர் இலட்சுமி விஜயகுமார் 1986இல் நிறுவிய 'சிநேகா' அமைப்பும் இவ்வழியதே. அது சமயச் சார்பற்றது. பயிற்சி பெற்ற தொண்டர்களே அங்கும் செவிகொடுப்போர். தற்கொலை முயற்சி அக்காலத்தில் இந்தியாவில் தண்டனைக்குரிய குற்றம். 2017ஆம் ஆண்டின் மனநலப் பாதுகாப்புச் சட்டத்தால்தான் அந்நிலை பெரிதும் தளர்ந்தது.

ஊரப்பாக்கம் நிலையத்தில் இரவு ஒன்பது மணிக்கு இறங்கும் ஒருவரை மாலை ஐந்து மணி வீடு சந்திப்பில் ஆயர் காண இயலாது. அவர் கதவைத் திறக்கும் வேளையில் அருகிருப்பவர், அதே மாடியில் வாழும் சபையார் ஒருவராக இருக்கக்கூடும். அவருக்குக் காவலாளியின் அனுமதியும் வேண்டுவதில்லை.