சிரிப்பு ஏறிய அரியணை

மாஜினி பிறந்த ஊர் ஜெனோவா. துண்டுபட்டுக் கிடந்த இத்தாலிக்கு விடுதலை வேட்கையை ஊட்டிய அந்தச் சிந்தனையாளன் 1805-ல் கண் விழித்த துறைமுக நகரம் அது. கரிபால்டி தன் ஆயிரவருடன் 1860-ல் கப்பலேறியதும் அந்நகரை அடுத்த கடற்கரையில்தான். அவ்விருவர் வரலாற்றையும் படித்து நெஞ்சம் நிமிர்ந்தவர்கள் நாம். ஆதலால் ஜெனோவா நமக்கு அந்நியமான பெயரன்று. அதே ஊரில் 1948-ல் பிறந்தார் இன்னொருவர். அவர் கையில் வாளில்லை, பின்னே படையில்லை, இருந்ததெல்லாம் ஒரு நாக்கு. நையாண்டி பேசும் நாக்கு! பெப்பே கிரில்லோ என்பது அவர் பெயர். கற்றது கணக்கர் படிப்பு. ஏற்றது கோமாளி வேடம். அந்தக் கோமாளி படைத்த கட்சி ஒரு நாள் இத்தாலிய வாக்காளரில் ஏறத்தாழ மூன்றிலொரு பங்கினரைத் தன் பக்கம் ஈர்த்தது. பின்னொரு நாள் அதே கட்சி அவரை வாயிலுக்கு வெளியே நிறுத்தியது.

அரசவைக் கோமாளிகளை நாம் அறிவோம். மன்னன் மகிழ்ந்திருக்கும் வேளை பார்த்து, அவன் பொறுக்கும் அளவு பார்த்து, அவன் வீசும் பொற்காசு பார்த்துக் கேலி பேசியவர்கள். அனுமதி பெற்ற ஏளனம் அது. அரியணைக்கு அதனால் ஒரு கீறலும் விழுந்ததில்லை. கிரில்லோவும் அப்படியே வாழ்ந்திருக்கலாம். பிப்போ பவுதோ என்ற புகழ்பெற்ற தொலைக்காட்சி நடத்துநர் அவரைக் கண்டெடுத்து அரசுத் தொலைக்காட்சிக்கு அழைத்து வந்திருந்தார். பணமிருந்தது, புகழிருந்தது, சனிக்கிழமை இரவுகளில் வீடுதோறும் அவர் முகமிருந்தது. ஆனால் 1986-ல் அவர் வாய் எல்லை தாண்டிற்று.

அப்போது தலைமை அமைச்சர் பெட்டினோ கிராக்சி, சோஷலிஸ்டுக் கட்சியின் தலைவர். அவரும் அவர் பரிவாரமும் சீனம் சென்று விருந்துண்டு திரும்பிய நேரம். கிரில்லோ அந்த விருந்தை மேடையில் நடித்துக் காட்டினார். பரிவாரத்தில் ஒருவர் தலைவரை அழைத்து, இந்த நாட்டில் நூறு கோடிப் பேரும் சோஷலிஸ்டுகளாமே, அப்படியானால் இவர்கள் யாரிடம்தான் திருடுகிறார்கள் என்று ஐயம் கேட்பதாகக் காட்சி. அவ்வளவுதான். சிரித்தது நாடு, சினந்தது கோட்டை! அரசுத் தொலைக்காட்சியின் கதவு அவருக்கு மெல்ல மெல்லச் சாத்தப்பட்டது. பின்னாளில் அவர் முகம் அந்தத் திரையில் தெரிந்தது மிக அரிது.

பொய்யா சொன்னார் அவர்? 1992 பிப்ரவரியில் மிலான் நகரில், முதியோர் இல்லமொன்றின் தலைவராயிருந்த மாரியோ கியேசா என்ற சோஷலிஸ்டுப் பிரமுகர் இலஞ்சப் பணத்தோடு பிடிபட்டார். நூலைப் பிடித்து இழுத்தார்கள் வழக்குரைஞர்கள். ஆடை முழுவதும் அவிழ்ந்தது. கட்சிகள் பல கலகலத்துச் சரிந்தன. 1993 ஏப்ரலில் உரோம் நகர விடுதியொன்றிலிருந்து கிராக்சி வெளிவந்தபோது, கூடியிருந்த மக்கள் அவர்மீது நாணயங்களை வீசினார்கள். எடுத்துக்கொள், இதையும் எடுத்துக்கொள் என்று! அடுத்த ஆண்டு துனீசியாவுக்கு ஓடிய அவர், 2000-ல் அங்கேயே மறைந்தார். ஏழாண்டுகளுக்கு முன் ஒரு நடிகன் சொன்னபோது நகைச்சுவை. நீதிமன்றம் சொன்னபோது வரலாறு.

திரை மறுக்கப்பட்டவர் கொட்டகைகளை நாடினார். ஊர் ஊராகச் சென்றார். அங்கே அவர் கேலி அரசியல்வாதிகளோடு நிற்கவில்லை. பெருமுதலாளிகள் பக்கமும் திரும்பியது. பார்மலாட் என்ற பால் நிறுவனத்தின் கடன் கணக்கு சரியில்லை என்று மேடையில் அவர் எடுத்துரைத்தார். கணக்கர் படிப்பு வீண்போகவில்லை! 2003 டிசம்பரில் அந்த நிறுவனம் கவிழ்ந்தது. ஏறத்தாழ 1,400 கோடி யூரோ அளவுக்குக் கணக்கில் ஓட்டை. இதை முன்பே எப்படி அறிந்தீர் என்று அந்த விதூஷகனை அழைத்து விசாரித்தார்கள் வழக்குரைஞர்கள். கணக்காயர்கள் காணாததை, மேற்பார்வையாளர்கள் காணாததை, ஒரு கோமாளி கண்டான் என்றால், வெட்கப்பட வேண்டியவர் எத்தனை பேர்!

இவ்வளவையும் மகிழ்ந்து எழுதிய பேனா இங்கே சற்றுத் தயங்குகிறது. மறைப்பது நம் மரபன்று. எதையும் நம்பாதே, கேள்வி கேள் என்று பிறருக்குச் சொன்னவர், தான் கேட்டதையெல்லாம் நம்பினார். 1998-ல் நடத்திய நிகழ்ச்சியில், எய்ட்ஸ் நோயை நூற்றாண்டின் மாபெரும் மோசடி என்றார். தடுப்பூசியின் பயனை ஐயுற்றார். சோப்புத் தூளே வேண்டாம், இந்த உருண்டையைப் போட்டால் துணி வெளுக்கும் என்று விற்கப்பட்ட ஒரு பிளாஸ்டிக் பந்துக்கும் பரிந்து பேசினார். ஆள்வோரை ஐயுறுவது வேறு. ஆய்ந்தறிந்த உண்மையை ஐயுறுவது வேறு. பகுத்தறிவு முதலாவதைச் செய்யும். மூடநம்பிக்கை இரண்டாவதைச் செய்து, நானும் பகுத்தறிவே என்று மார் தட்டும். சிரிக்க வைப்பவன் சொல்வதால் நஞ்சும் இனிக்கிறது என்பதே இதில் ஆபத்து. 2019-ல் மருத்துவர் ஒருவர் முன்வைத்த அறிவியல் உடன்படிக்கையில் கிரில்லோ கையெழுத்திட்டார். நல்லதுதான். ஆனால் இருபதாண்டுக் காலம் கொட்டகையில் கைதட்டியவர்கள் அத்தனை பேரின் வீட்டுக்கும் அந்தக் கையெழுத்து போய்ச் சேர்ந்திருக்குமா?

2000-ஐ ஒட்டிய ஆண்டுகளில் இவர் மேடையில் கணிப்பொறியைத் தடியால் அடித்து நொறுக்கிக் காட்டியவர். மனிதனை அடிமையாக்கும் எந்திரம் என்பது அன்றைய கோட்பாடு. அப்படிப்பட்டவரை ஜான்ரொபெர்த்தோ கசலேஜ்ஜோ என்ற கணினித் தொழிலர் சந்தித்து, எந்திரத்தை உடைக்காதே, ஏறி உட்கார் என்றார் போலும்! 2005 சனவரியில் கிரில்லோவின் இணைய ஏடு பிறந்தது. தொலைக்காட்சி யார் கையில்? அரசின் கையிலும் பெர்லுஸ்கோனியின் கையிலும். நாளேடுகள் யார் கையில்? முதலாளிகள் கையில். இணையம் மட்டும் எவர் கைக்கும் அடங்காது கிடந்தது. அங்கே நாள்தோறும் எழுதினார், ஏசினார், எள்ளினார். இலட்சக்கணக்கானோர் படித்தனர்; பதில் எழுதினர்; ஊர்தோறும் கூடிப் பேசினர். தண்டனை பெற்ற குற்றவாளிகள் இருபதுக்கும் மேற்பட்டோர் நாடாளுமன்றத்தில் அமர்ந்திருக்கும் கொடுமையைப் படிப்பவர்களிடமே காசு திரட்டி, 2005 நவம்பரில் பன்னாட்டு நாளேடு ஒன்றில் முழுப்பக்க விளம்பரமாக வெளியிட்டார்.

2007 செப்டம்பர் 8. பொலோஞ்ஞா நகரின் பெரிய சதுக்கம். அச்சில் ஏற்றத் தகாத ஒரு வசைச்சொல்லின் முதலெழுத்தையே அந்த நாளுக்குப் பெயராக்கியிருந்தார் கிரில்லோ. வசையைக் கேட்டு முகம் சுளித்தவர்கள், அவர் கேட்டது என்ன என்று பார்க்கத் தவறினார்கள். தண்டனை பெற்றவன் நாடாளுமன்றம் புகக்கூடாது. எவனும் இரு முறைக்கு மேல் உறுப்பினனாகக் கூடாது. உறுப்பினரைக் கட்சித் தலைமையன்று, வாக்காளரே தேர்ந்தெடுக்க வேண்டும். இவை மூன்றே. சட்ட முன்வரைவுக்கு 50,000 கையொப்பம் போதும். வந்து குவிந்ததோ மூன்று இலட்சத்துக்கு மேல். அவற்றைக் கட்டிச் சுமந்து செனட்டில் கொண்டுபோய் வைத்தார். வைத்த இடத்திலேயே அவை உறங்கின.

2009-ல் மக்களாட்சிக் கட்சியின் தலைமைத் தேர்தலில் நிற்க முயன்றார். விரட்டினார்கள். வேண்டுமானால் தனிக்கட்சி கண்டு எத்தனை வாக்கு வாங்குகிறார் பார்ப்போமே என்று எகத்தாளம் பேசினார் அக்கட்சியின் முன்னணித் தலைவர் பியேரோ ஃபசீனோ. பார்த்தார்கள்! அதே ஆண்டு அக்டோபர் 4-ல் மிலான் நகரக் கொட்டகை ஒன்றில் பிறந்தது ஐந்து விண்மீன் இயக்கம். குடிநீர், சூழல், போக்குவரத்து, வளர்ச்சி, இணைய உரிமை என்பன ஐந்து விண்மீன்கள். 2012 அக்டோபரில், அறுபத்து நான்கு வயதில், மெசீனா நீரிணையை நீந்திக் கடந்து சிசிலித் தேர்தலுக்கு வாக்குக் கேட்கப் போனார். கரிபால்டி 1860-ல் சிசிலியிலிருந்து தலைநிலத்துக்குக் கடந்த அதே நீரிணை. இவர் எதிர்த்திசையில் கடந்தார், நீச்சலுடையில்! 2013 பிப்ரவரிப் பொதுத்தேர்தலில் இயக்கம் பெற்றது 25 விழுக்காட்டுக்கு மேல். கீழவையில் 109 பேர், செனட்டில் 54 பேர். ஆசிரியர், செவிலியர், வேலையற்ற பட்டதாரி என, அரசியலின் நிழலும் படாதவர்கள் அந்த மண்டபத்துள் நுழைந்தார்கள். தம் சம்பளத்தில் ஒரு பகுதியைத் திருப்பிச் சிறுதொழிலாளர் கடன் நிதிக்குக் கொடுத்தார்கள். இந்தச் செயலை எள்ளும் உரிமை எவனுக்குமில்லை.

ஆனால் அந்த இயக்கம் யாருடையது?

ஒருவருக்கு ஒரு மதிப்பு, தலைவனென்று எவனுமில்லை என்பது அவர்கள் முழக்கம். சட்டதிட்டத்தைப் புரட்டினாலோ, இயக்கத்தின் பெயருக்கும் சின்னத்துக்கும் உரிமையாளர் கிரில்லோ. இயக்கத்தின் தலைமையிடம் கிரில்லோவின் இணைய ஏடு. கட்சியையே சொத்தாகப் பதிந்துகொண்ட சமத்துவம்! 2012-ல் கட்டளையை மீறித் தொலைக்காட்சி விவாதத்தில் பேசிய பொலோஞ்ஞா நகரமன்ற உறுப்பினர் ஃபெதெரிக்கா சால்சியைப் பெண்ணென்றும் பாராது ஆபாசமாய் ஏளனம் செய்தார். அவ்வாண்டே அவரை நீக்கினார். கேள்வி கேட்டதற்காகத் திரையிலிருந்து துரத்தப்பட்டவர், கேள்வி கேட்டவர்களைத் துரத்தத் தொடங்கினார். 2013-ல் இயக்கத்தின் செனட்டர்கள் இருவர், உரிய தாளின்றி நாட்டுள் நுழைவதைக் குற்றமாக்கும் சட்டத்தை நீக்கக் கோரி வென்றபோது, இதைத் தேர்தலில் சொல்லியிருந்தால் வாக்கு விழுந்திருக்காது என்று கிரில்லோவும் கசலேஜ்ஜோவும் கண்டித்தனர். வாக்குக் கணக்கு! கிராக்சியிடம் அவர் பழித்ததும் அதைத்தானே?

இன்னொன்று. 1981-ல் மலைப்பாதையில் அவர் ஓட்டிய வண்டி சறுக்கி மூவர் மாண்டனர். அந்த வழக்கில் தண்டனை பெற்றவர் அவர். தண்டனை பெற்றவன் மன்றம் புகலாகாது என்ற தம் விதிக்குத் தாமே கட்டுப்பட்டு எந்தத் தேர்தலிலும் நில்லாதிருந்தார். நேர்மைதான். ஆயினும் விளைவைப் பாருங்கள்: பதவியில்லை, ஆகவே பதில் சொல்லும் கடமையில்லை; அதிகாரமோ முழுதும் அவரிடம். நாடாளுமன்றத்தில் எழுந்து அவரைக் கேட்க எவராலும் இயலாது. தேர்ந்தெடுக்கப்படாத ஒருவர், தேர்ந்தெடுக்கப்பட்ட நூற்றறுபத்து மூவரை ஆட்டிவைத்தார்.

2018-ல் வாக்கு 32 விழுக்காட்டைத் தாண்டிற்று. சட்டப் பேராசிரியர் ஜியுசெப்பே கோந்தே தலைமை அமைச்சரானார். துணைக்குச் சேர்த்துக்கொண்டது யாரை? வந்தேறிகளை வெறுப்பதையே கொள்கையாய்க் கொண்ட சல்வீனியின் கட்சியை! அவ்வாண்டு சூனில், கடலில் மீட்கப்பட்ட அறுநூற்றுக்கும் மேற்பட்டோரைச் சுமந்து வந்த அக்குவாரியுஸ் கப்பலுக்கு இத்தாலியத் துறைமுகங்கள் மூடப்பட்டன. அம்மக்கள் ஸ்பெயினின் வாலென்சியா வரை அலைந்து கரையேறினர். அந்த அமைச்சரவையில் ஐந்து விண்மீன் ஒளிவிட்டுக்கொண்டுதான் இருந்தது. மறுபுறம், 2019-ல் ஏழைக் குடும்பங்களுக்குக் குடிமக்கள் வருமானம் வழங்கும் சட்டம் கொண்டுவந்தவர்களும் அவர்களே. பின்வந்த மெலோனி அரசு அதை ஒழித்தது. உறுப்பினர் எண்ணிக்கையை 945-லிருந்து 600-ஆகக் குறைக்கும் திருத்தத்துக்கு 2020-ல் மக்களில் ஏறத்தாழ 70 விழுக்காட்டினர் ஒப்புதல் தந்தனர். எல்லாரையும் எதிர்த்துப் பிறந்த கட்சி, மூன்றாண்டுக்குள் சல்வீனியோடும், தன்னை விரட்டிய மக்களாட்சிக் கட்சியோடும், வங்கியாளர் திராகியோடும் மாறி மாறி அமர்ந்தது. 2022-ல் வாக்கு பதினைந்து விழுக்காடாய் இளைத்தது.

கிரில்லோவும் கோந்தேயும் மோதிக்கொண்டார்கள். நிறுவனர் என்ற நிலையில் கிரில்லோவுக்கு எஞ்சியிருந்தது காப்பாளர் என்னும் பட்டம். எவராலும் நீக்க இயலாத பட்டம் என்று அவர் எண்ணியிருந்தது. 2024 நவம்பரில் அந்தப் பட்டம் வேண்டுமா என்று உறுப்பினரை இணையவழி வாக்கெடுப்பில் கேட்டார்கள். வேண்டாம் என்றார்கள், அறுபது விழுக்காட்டுக்கு மேல். இரு முறை வரம்பும் அத்துடன் போயிற்று. சட்டதிட்டம் தந்த உரிமையைக் காட்டி, மீண்டும் வாக்கெடுக்கச் சொன்னார் கிரில்லோ. டிசம்பரில் எடுத்தார்கள். இம்முறை வேண்டாமென்றோர் எண்பது விழுக்காடு. ஒருவருக்கு ஒரு மதிப்பு என்று அவர் கற்பித்த பாடத்தை, அவர் கொடுத்த பொறியிலேயே, மாணவர்கள் எழுதிக் காட்டினார்கள்.

அந்த இரண்டாம் வாக்கெடுப்புக்குச் சில நாள் முன், இணையத்தில் ஒரு படக்காட்சி வெளியிட்டார் எழுபத்தாறு வயதுக் கிழவர். சவ ஊர்தி ஒன்றில் அமர்ந்திருந்தார். இயக்கம் இறந்துவிட்டது என்றார். சிலர் சிரித்தார்கள்.